தாராவி என்னும் ஊர்

தமிழ்நாட்டில் ஆற்றங்கரையிலுள்ள எந்தச் சிற்றூரை எடுத்துக்கொண்டாலும் அதற்கொரு தலபுராணம் இருக்கக் காண்கிறோம். ஊர் தோன்றிய கதை, கோயில் எழுந்த கதை, குளம் வெட்டிய அரசன் பெயர், எல்லைத் தெய்வத்தின் சிறப்பு ஆகிய யாவும் அதில் அடங்கியிருக்கும். மேலை நாட்டாரும் இதில் நமக்குக் குறைந்தவரல்லர். பெல்ஜிய நாட்டின் பிளாண்டர்ஸ் பகுதியில் சில நூறு குடிகளே வாழும் ஊரானாலும், அவ்வூர் மாதாகோயிலின் மணிக்கூண்டையும் பழைய காற்றாலையையும் பற்றி வருவோர்க்கு எடுத்துச் சொல்ல அங்கே யாரேனும் ஒருவர் இருப்பார். ஆனால் மும்பை மாநகரின் நடுவே, பல லட்சம் மக்கள் வாழும் தாராவியைப் பற்றிப் பேச்சு எழுந்தால், அதன் கோட்டை எது, பழைய கோயில் எது, முதற்பள்ளி எது என்று கேட்பார் அரியர். தாராவியைக் குறித்து எழுதியவர்கள் பலர் உளர். அவர்களுள் பெரும்பாலோர் அதனைச் சேரியாகக் கண்டனரேயன்றி ஊராகக் கண்டாரல்லர்.

சேரி என்ற சொல்லுக்குப் பழந்தமிழில் மக்கள் சேர்ந்து வாழும் இடம் என்பதே பொருள். இழிவு பிற்காலத்தில் ஏறியது. தாராவியின் கதையும் ஏறத்தாழ அப்படிப்பட்டதுதான். முதலில் அது ஒரு மீனவர் ஊர். பம்பாய்க்குக் கோட்டை கொத்தளம் அமையுமுன்பே அங்கு மனிதர் வாழ்ந்தனர். அவ்வூரின் நீர் எப்படிப் போயிற்று, அதன் நிலத்தில் யார் யார் வந்து சேர்ந்தனர், அவர்கள் அங்கே எவற்றை எழுப்பினர் என்பனவற்றையே நாம் இங்குக் காணப் புகுகிறோம்.

இன்றைய மும்பையின் தென்பகுதி முற்காலத்தில் ஏழு தீவுகளாகக் கிடந்தது என்பது பலரும் அறிந்த செய்தி. அத்தீவுகளின் வடகோடியில், சால்செட்டி என்னும் பெருந்தீவுக்கும் இவற்றுக்கும் இடையே ஓர் உப்பங்கழி ஓடியது. மேற்கே மாஹிம் விரிகுடாவில் அது கடலைச் சேர்ந்தது. வடக்கிலுள்ள குன்றுகளிலிருந்து இறங்கிய ஆறொன்று அக்கழியில் கலந்தது. அந்த ஆற்றுக்கு மீட்டி என்று பெயர். இனியது என்று பொருள். இப்பொழுது அதன் கரையில் நின்று பார்ப்பவர் இப்பெயரைக் கேட்டால் யாரோ கேலி செய்கிறார்கள் என்றே எண்ணுவர். கடல் நீர் ஏறி இறங்கும் அக்கழியின் தென்கரையில், கண்டல் மரங்கள் அடர்ந்த சதுப்பின் ஓரத்தில், கோளி மீனவர்களின் குடியிருப்பு இருந்தது. அதுவே தாராவி. 1909இல் அரசாங்கம் வெளியிட்ட பம்பாய் நகர விவரத் தொகுதி, தீவின் பெரிய கோளிவாடாக்கள் ஆறினுள் ஒன்றாகத் தாராவியைக் குறிப்பிடுகிறது. மஜகாவ், வர்ளி, பரேல், சயான், பம்பாய் ஆகியன ஏனைய ஐந்து. கோளிவாடா என்றால் கோளியர் வாழும் பகுதி. நம் கடற்கரையூர்களில் குப்பம் என்று சொல்வதற்கு ஒப்பானது.

கோளியர் பம்பாயின் முதற்குடிகள். நகரின் பெயரையே தந்த மும்பாதேவி அவர்கள் வணங்கிய தெய்வம். ஆவணி அவிட்டத்தன்று நம்மவர் பூணூல் மாற்றிக்கொண்டிருக்கும் அதே பௌர்ணமி நாளில், அவர்கள் கடலுக்குத் தேங்காய் படைத்து, மழைக்காலத்தில் கரையேற்றி வைத்த படகுகளை மறுபடியும் நீரில் இறக்குவர். தாராவிக் கோளியர்க்கு ஆழ்கடலைவிடக் கழியே விளைநிலம். வெள்ளம் ஏறும்போது வந்த மீனை, அது வடியும்போது வலை கட்டித் தடுத்துப் பிடிக்கலாம். சேற்றில் நண்டு கிடைக்கும். ஏற்றமும் வற்றமும் நாள்தோறும் இருமுறை நிகழ்ந்தவரை அவர்கள் அடுப்புக்குக் குறைவில்லை.

இனி அரசியல் வரலாற்றுக்கு வருவோம். 1534இல் குஜராத் சுல்தான் பகதூர் ஷா இத்தீவுகளைப் போர்த்துக்கீசியருக்கு விட்டுக்கொடுத்தார். 1661இல் போர்த்துக்கல் இளவரசி கத்தரீனுக்கும் இங்கிலாந்து மன்னர் இரண்டாம் சார்லஸுக்கும் மணம் பேசப்பட்டபோது, பம்பாய் சீதனமாக எழுதிக் கொடுக்கப்பட்டது. சீதனத்தை எழுதிக் கொடுப்பது எளிது. எல்லை காட்டி ஒப்படைப்பதன்றோ வழக்குக்கு இடமாவது! 1665இல் ஆங்கிலேயர் சார்பில் ஹம்ஃப்ரி குக் என்பவர் பம்பாயைப் பெற்றுக்கொண்டபோது, பம்பாய் என்பது தெற்கிலுள்ள ஒரு தீவு மட்டுமே என்றனர் போர்த்துக்கீசியர். மஜகாவ், பரேல், வர்ளி, சயான், தாராவி, வடாலா ஆகிய ஊர்கள் அவர்கள் கையிலேயே இருந்தன. பின்னர் மாஹிம், சயான், தாராவி, வடாலா ஆகியவற்றை ஆங்கிலேயர் தம் வசமாக்கிக்கொண்டனர். ஆகவே, ஓர் அரச சீதனத்தில் அடங்குமா அடங்காதா என்று இரு வல்லரசுகள் வழக்காடிய ஊர்களில் தாராவியும் ஒன்று. 1668இல் மன்னர் சார்லஸ் இத்தீவுகளை ஆண்டுக்குப் பத்துப் பவுன் வாடகைக்குக் கிழக்கிந்தியக் கம்பெனியாரிடம் கொடுத்துவிட்டார். அதே நிலத்தின் ஒரு சதுர அடிக்கு இன்று சொல்லப்படும் விலையை நினைக்கும்போது, அம்மன்னருக்குக் கணக்கு அவ்வளவாக வராது போலும் என்று தோன்றுகிறது.

கழிக்குத் தெற்கே ஆங்கிலேயர், வடக்கே சால்செட்டியில் போர்த்துக்கீசியர் என்றாகிவிட்டதால், தாராவி ஒரு நாட்டின் எல்லையூராயிற்று. பக்கத்தூராகிய சயானின் பெயரே இதற்குச் சான்று. எல்லை என்று பொருள்படும் சீவ் என்ற மராத்திச் சொல்லே அவ்வாறு திரிந்தது என்பர். இன்றும் மராத்தியர் அதனைச் சீவ் என்றே வழங்குகின்றனர். விவிலியத்தின் சீயோன் மலையை நினைந்து பாதிரிமார் இட்ட பெயர் என்று சொல்வாரும் உளர். எல்லையில் நின்ற குன்றுக்கு எல்லை என்று பெயர் வந்திருப்பதே நமக்குப் பொருத்தமாகப் படுகிறது. அக்குன்றின் மேல், 1669 முதல் 1677 வரை ஆளுநராயிருந்த ஜெரால்டு ஆஞ்ஜியர் காலத்தில் ஒரு கோட்டை எழுந்தது. மேற்கே மாஹிமில் கடலோரமாக வேறொரு கோட்டை. இவ்வளவு காவல் வேண்டியிருந்ததற்குக் காரணம் இல்லாமலில்லை. 1689இல் ஜஞ்சிராவின் சித்தி யாகூத் கான் படையுடன் வந்திறங்கி, மாஹிம் கோட்டையைப் பிடித்துப் பம்பாயை முற்றுகையிட்டார். மறு ஆண்டு கம்பெனியார் மொகலாயப் பேரரசரிடம் பணிந்து பொருள் கொடுத்த பிறகே அவர் பின்வாங்கினார்.

சயான் கோட்டைக்கும் மாஹிம் கோட்டைக்கும் இடையே, கழியின் கரையில், மூன்றாவதாக ஒரு சிறு கோட்டை உண்டு. ஆங்கிலேயர் அதனை ரேவா கோட்டை என்றனர். ஊரார் அதன் கருங்கல்லைப் பார்த்துக் காலா கில்லா, அதாவது கறுப்புக் கோட்டை என்று அழைத்தனர். அந்தப் பெயரே நிலைத்தது. இக்கோட்டையையும் ஆஞ்ஜியரே கட்டினார் என்று சில நூல்களில் காண்கிறோம். ஆனால் கோட்டைச் சுவரில் பதித்த கல், பம்பாயின் தலைவரும் ஆளுநருமான ஜான் ஹார்ன் ஆணைப்படி 1737இல் கட்டப்பட்டது என்று கூறுகிறது. நூலும் கல்லும் மாறுபடுமிடத்து நாம் கல்லையே நம்புகிறோம். அந்த ஆண்டும் பொருளற்ற ஆண்டன்று. 1737ஆம் ஆண்டு வசந்த காலத்தில்தான் பேஷ்வா பாஜிராவின் தம்பி சிமாஜி அப்பாவின் மராத்தியப் படை சால்செட்டியில் புகுந்து தாணேயைக் கைப்பற்றியது. இரண்டாண்டில் வசை கோட்டையும் வீழ்ந்தது. அப்பகுதியில் போர்த்துக்கீசியர் ஆட்சி முடிந்தது. கழிக்கு அப்பால் தளர்ந்த போர்த்துக்கீசியர் இருந்த இடத்தில், வெற்றிமேல் வெற்றி கொண்ட மராத்தியர் வந்து நின்றனர். கம்பெனியார் அஞ்சியதில் வியப்பில்லை. அந்த அச்சத்தைக் கல்லில் காண வேண்டுமானால் காலா கில்லாவைக் காணலாம்.

அச்சம் நெடுநாள் நீடிக்கவில்லை. 1774இல் ஆங்கிலேயர் சால்செட்டியைப் பிடித்துக்கொண்டனர். 1782இல் சால்பாய் உடன்படிக்கை அதனை உறுதி செய்தது. கழியின் இரு கரையும் ஒருவர்க்கே உரியதான பின், எல்லைக் கோட்டைக்கு வேலை ஏது? முப்பத்தேழு ஆண்டுகளில் காலா கில்லா தன் பயனை இழந்தது. தாராவியின் துன்பம் பகைவர் வந்தபோது தொடங்கவில்லை. பகை ஒழிந்து பாதை போடப்பட்டபோதே தொடங்கிற்று என்று நாம் சொல்லத் துணிகிறோம். அதனைச் சற்று விரித்துரைக்க வேண்டும்.

ஆளுநர் ஜோனதன் டங்கன் காலத்தில், 1798இல் தொடங்கி 1805இல், சயானிலிருந்து குர்லாவுக்குக் கழியின் குறுக்கே கரைப்பாதை கட்டி முடிக்கப்பட்டது. நாற்பதாண்டுகளுக்குப் பின் மேற்கே மாஹிமையும் பாந்த்ராவையும் இணைத்து மற்றொரு கரைப்பாதை எழுந்தது. இது நடந்தது 1840களில். அரசாங்கம் இதற்குப் பணம் தர முன்வராதபோது, பார்சி வள்ளல் ஜம்ஷெட்ஜி ஜீஜீபாயின் துணைவியார் ஆவாபாய் அம்மையார் ஒரு லட்சத்து ஐம்பத்தேழாயிரம் ரூபாய் கொடுத்தார். பாதை கட்டுவது பேரறம் என்பதில் ஐயமில்லை. படகு கவிழ்ந்து மாண்டவர் குடும்பங்கள் அவ்வம்மையாரை வாழ்த்தியிருக்கும். ஆயினும் கிழக்கிலும் மேற்கிலும் கரை போட்டால் நடுவிலுள்ள நீர் என்னாகும்? ஏற்றத்தின் வேகம் தளர்ந்தது. வேகமிழந்த நீர் தான் கொணர்ந்த வண்டலைக் கழியிலேயே விட்டுச் சென்றது. இது போதாதென்று, 1860இல் மீட்டி ஆற்றின் மேற்பகுதியில் விஹார் ஏரி அமைந்தது. நகரத்தார் குடிக்க நன்னீர் கிடைத்தது. ஆற்றுக்குக் கிடைக்க வேண்டிய நன்னீர் குறைந்தது. இவ்வாறு மேலிருந்து வரும் நீரும் கீழிருந்து ஏறும் நீரும் குறையவே, தாராவியின் கழி சிறுகச் சிறுகச் சேறாயிற்று. மீன் அகன்றது. பம்பாய் குடிக்கவும் நடக்கவும் செய்துகொண்ட ஏற்பாடுகளுக்கு விலை கொடுத்தவர் கோளியர். அக்காலத்து ஆவணங்களில் இந்த விலை கணக்கில் ஏறவில்லை.

1853இல் போரிபந்தரிலிருந்து தாணே வரை இருப்புப்பாதை ஓடிற்று. அடுத்த பத்தாண்டுகளில் மேற்குப் பக்கத்தில் இன்னொரு பாதை வந்தது. கிழக்கே சயான், மேற்கே மாஹிம், மாதுங்கா ரோடு என்று இரண்டு தண்டவாளங்களும் வடக்கே கழியுமாகச் சேர்ந்து ஒரு முக்கோணத்தைப் போட்டன. அம்முக்கோணத்தின் உள்ளே ஈரமான நிலம் விலையின்றிக் கிடந்தது. பெருநகரம் தன் வீட்டு முன்கட்டில் வைத்துக்கொள்ள விரும்பாதவற்றையெல்லாம் எங்கே கொண்டு போடுவது என்று தேடிக்கொண்டிருந்த காலம் அது.

முதலில் வந்தது தோல் பதனிடும் தொழில். பாந்த்ராவில் ஆட்டு மாட்டுத் தொட்டி அமைந்திருந்தது. பச்சைத் தோல் அங்கிருந்து கிடைக்கும். 1887இல் தாராவியில் முதல் தோல்பதனி ஏற்பட்டது. இங்கேதான் நம்மவர் கதை தொடங்குகிறது. ஏனெனில் இத்தொழிலைக் கொண்டு வந்தவர்கள் தமிழ்நாட்டு முஸ்லிம் வணிகர்கள். அவர்களிற் பலர் திருநெல்வேலிச் சீமையைச் சேர்ந்தவர்கள். 1871இல் சென்னை இருப்புப்பாதையும் பம்பாய் இருப்புப்பாதையும் ராய்ச்சூரில் வந்து இணைந்திருந்தன. தாது வருஷப் பஞ்சத்துக்குப் பிறகு நம் நாட்டார் இலங்கைக்கும் பர்மாவுக்கும் மலாயாவுக்கும் கப்பலேறியதை நாம் அறிவோம். வண்டியேறிப் பம்பாய்க்கு வந்தோரைப் பற்றிப் பேசுவது குறைவு.

தோல் பதனிடுவது எத்தகைய வேலை என்பதைச் சிறிது அறிந்துகொள்ளுதல் நலம். உப்பிட்டு வந்த தோலை முதலில் நீரில் ஊறவைத்துக் கழுவுவர். பின்பு சுண்ணாம்புத் தொட்டியில் பல நாள் போட்டு வைத்தால் மயிர் இளகும். அதனை வளைந்த பலகையின்மேல் விரித்து, இருபுறம் பிடியுள்ள கத்தியால் மயிரையும் உட்புறத்துச் சதையையும் வழிக்க வேண்டும். அதற்குப் பிறகே பட்டைச்சாறு. ஆவாரம் பட்டையையும் கடுக்காயையும் இடித்து ஊறவைத்த நீரில் தோலை மாற்றி மாற்றி முக்குவர். தென்னாட்டில் இது கைவந்த வித்தை. ஆவாரம் பட்டையில் பதனிட்ட தோலுக்குச் சீமையில் நல்ல பெயர் இருந்தது. நாள் முழுவதும் சுண்ணாம்பு நீரில் நிற்பவனுக்குக் கையும் காலும் வெந்து போகும். நாற்றமோ உடுப்போடு வீட்டுக்கும் வரும். சாதியின் கொடுமையால் இவ்வேலை இழிவெனக் கருதப்பட்டது. ஆகவே முதல் போட்டவர்கள் முஸ்லிம் வணிகர்களாகவும், உழைத்தவர்களில் பெரும்பாலோர் திருநெல்வேலியிலிருந்து வந்த ஆதிதிராவிடர்களாகவும் மராட்டிய நாட்டுச் சமார் வகுப்பினராகவும் இருந்தனர். தாராவியின் தலைமைச் சாலைக்கு இன்று சந்த் ரோஹிதாஸ் மார்க் என்று பெயர். ரோஹிதாஸர் தோல் தொழிலாளர் குலத்தில் தோன்றிய அருளாளர். சாலைப் பெயர்களில் பெரும்பாலானவை யாரோ விரும்பி வைத்தவை. இது மட்டும் அந்த நிலமே கேட்டு வாங்கிக்கொண்ட பெயர்.

தோல்பதனி தொடங்கிய அதே 1887இல் தாராவியின் பெரிய பள்ளிவாசலாகிய படீ மஸ்ஜித் எழுந்தது. வந்து சேர்ந்த தமிழ் முஸ்லிம்கள் தொழிலுக்குத் தொட்டி கட்டிய கையோடு தொழுகைக்கும் இடம் கட்டிக்கொண்டனர். 1913இல் தமிழர் கணேசர் கோயிலைக் கட்டினர். தாராவியிலுள்ள இந்துக் கோயில்களில் மிகப் பழையது என்று எண்ணப்படுவது இதுவே. 1924இல் முதல் தமிழ்ப் பள்ளி தோன்றியது. தாராவியின் முதற்பள்ளியும் அதுவே என்று சொல்லப்படுகிறது. இம்மூன்று ஆண்டுகளையும் நாம் வற்புறுத்திக் கூறுவதற்குக் காரணம் உண்டு. தங்கிப் பிழைக்க வந்தவன் குடிசை போடுவான். தன் மகனும் அங்கேயே வாழ்வான் என்று துணிந்தவன்தான் பள்ளிக்கூடம் கட்டுவான்.

இங்கு இருப்புப்பாதைக்கு அப்பாலுள்ள மாதுங்காவையும் நினைக்கத் தோன்றுகிறது. 1896இல் பம்பாயைப் பிளேக் நோய் பற்றியது. நெரிசலே நோய்க்குக் காரணம் என்று கண்ட அரசாங்கம் 1898இல் நகரச் சீரமைப்பு அறநிலையத்தை அமைத்தது. தாதர், மாதுங்கா, வடாலா, சயான் பகுதிகளில் அகன்ற தெருக்களும் மரநிழலும் பூங்காவும் கொண்ட புறநகர் வகுக்கப்பட்டது. தென்னாட்டிலிருந்து வந்த எழுத்தர்களும் கணக்கர்களும் ஆசிரியர்களும் அங்கே குடியேறினர். 1932இல் தென்னிந்தியக் கல்விக் கழகத்தைத் தொடங்கினர். 1952இல் உருவான சண்முகானந்த சங்கீத சபையும், 1963இல் அது கட்டிய பெரிய அரங்கமும் இசையுலகம் அறிந்தவை. மாதுங்காத் தமிழர் இவற்றைப் பெருமையோடு சொல்வர், சொல்லத் தகுந்தவையே. ஆனால் இருப்புப்பாதைக்கு இப்பால், சேற்று நிலத்தில், தோல் வழித்துக் கூலி பெற்றவர்கள் எட்டாண்டு முன்னதாகவே ஒரு தமிழ்ப் பள்ளிக்கூடம் கண்டுவிட்டனர் என்பதையும் அதே பெருமையோடு சொல்ல வேண்டும். இரண்டு தமிழூர்களுக்கும் இடையே தண்டவாளம் இருந்தது. அதைவிட அகலமான வேறொன்றும் இருந்தது. அதன் பெயரை நாம் சொல்லத் தேவையில்லை.

தோல் தொழிலோடு நின்றதா? இல்லை. சௌராஷ்டிரத்திலிருந்து வந்த குயவர்கள் தெற்கே நகருக்குள் குடியிருந்தனர். நகரம் பெருகப் பெருக அவர்களுடைய சூளைப் புகை பிறர்க்கு ஆகவில்லை. அவர்கள் தள்ளுண்டு தாராவியில் வந்து சேர்ந்த இடமே கும்பார்வாடா. முற்றத்தில் சூளை, திண்ணையில் சக்கரம், உள்ளே வீடு என்ற அமைப்பை இன்றும் அங்குக் காணலாம். தீபாவளிக்கு மும்பை வீடுகளில் எரியும் அகல்களில் ஏராளமானவை அவர்கள் கையிற் பிறந்தவை. பின்னர் உத்தரப் பிரதேசத்திலிருந்து சித்திர வேலைக்காரரும் தையற்காரரும் வந்தனர். திருநெல்வேலியிலிருந்து ஊர் ஊராக ஆட்கள் வந்துகொண்டேயிருந்தனர். விடியுமுன் தமிழ்ப் பெண்கள் அவித்துக் கொடுத்த இட்டிலி, தூக்குகளில் ஏறி நகரமெங்கும் சென்றது. பொங்கலன்று தொண்ணூறடிச் சாலையில் பெண்கள் வரிசையாக அடுப்பு மூட்டிப் பொங்கலிடும் காட்சியைப் பார்க்க மராத்தியரும் வந்து நிற்பர். அறுபதடிச் சாலை, தொண்ணூறடிச் சாலை என்ற பெயர்கள் அளவையொட்டி எழுந்தவை. அங்கு நடப்பவர்க்கு அதில் ஆறடி கிடைத்தால் அது அவர் செய்த நல்வினை.

இவர்கள் குடியேறிய நிலம் எது? பெரும்பகுதி கோளியரின் கழி கிடந்த இடம். சேற்றின் மேல் மண்ணும் கல்லும் மரத்தூளும் குப்பையும் கொட்டி, மழைக்கு அமுங்கியபோது மீண்டும் கொட்டி, குடும்பம் குடும்பமாக மேடாக்கினர். அரசாங்கம் தூர்த்த நிலத்துக்குப் பம்பாயில் பட்டாவும் வரைபடமும் உண்டு. கூடை சுமந்து இவர்கள் தூர்த்த நிலத்துக்கு நெடுங்காலம் எந்தக் காகிதமும் இருந்ததில்லை. 1971இல் மகாராஷ்டிரத்தில் சேரிப்பகுதிச் சட்டம் வந்தது. 1976இல் குடிசைகளைக் கணக்கெடுத்துப் புகைப்படச் சீட்டு வழங்கினர். அதற்குப் பிறகே அவர்கள் அரசாங்கத்தின் கண்ணுக்குத் தெரியலாயினர்.

இன்னல்களையும் மறைத்தல் முறையன்று. 1960களின் பிற்பகுதியில் தென்னாட்டார்க்கு எதிரான கிளர்ச்சி எழுந்து தமிழர் கடைகள் தாக்கப்பட்டன. 1992 டிசம்பரிலும் 1993 ஜனவரியிலும் நடந்த கலவரத்தில் தாராவி எரிந்தது. நூறாண்டு ஒன்றாகத் தொழில் செய்தவர் ஒருவரையொருவர் அஞ்சிக் கதவடைத்தனர். பின்பு தெருத்தெருவாக இரு சமயத்தாரும் சேர்ந்து அமைதிக் குழுக்களை அமைத்துத் தாமே புண்ணை ஆற்றிக்கொண்டனர். 2005 ஜூலை 26ஆம் நாள் சாந்தாகுரூசில் ஒரே நாளில் 944 மில்லிமீட்டர் மழை பெய்தபோது, இருநூறாண்டாக ஒடுக்கி வைத்த மீட்டி தன் பழைய பரப்பைத் தேடிக் கரை கடந்தது. 2020இல் கொள்ளை நோய் பரவிய காலத்தில் தாராவி என்னாகுமோ என்று உலகம் கவலைப்பட்டது. வீடுவீடாகச் சென்று நோயைத் தேடிப் பிடித்து அடக்கியதை அவ்வாண்டு ஜூலையில் உலகச் சுகாதார நிறுவனத்தின் தலைவரே எடுத்துக்காட்டிப் பாராட்டினார்.

தமிழ்நாட்டார்க்குத் தாராவி தெரிந்ததெல்லாம் பெரும்பாலும் திரைப்படத்தால்தான். 1987இல் வெளிவந்த 'நாயகன்' படத்தில் கண்ட தாராவித் தெருக்களுள் பல, சென்னையில் ஒரு படப்பிடிப்பு நிலையத்தில் தோட்டா தரணி அமைத்தவை. மரத்தாலும் சாக்காலும் செய்த அத்தெருக்கள் மெய்யான தெருக்களைவிடப் பெயர் பெற்றுவிட்டன. கலைஞரின் திறமைக்கு அது புகழ். ஆனால் அதைக் கண்டு தாராவியை அறிந்துவிட்டதாக எண்ணியவர்க்குக் காலா கில்லாவும் கணேசர் கோயிலும் தெரியாமலே போயின.

தோல்பதனிகள் 1980களிலிருந்து ஒவ்வொன்றாகத் தாராவியை விட்டு நீங்கின. ஆட்டுத்தொட்டி 1971இலேயே தேவனாருக்குப் போய்விட்டது. இப்பொழுது பதனிட்ட தோல் வெளியூரிலிருந்து வர, பையும் வாரும் தைக்கும் பட்டறைகளும் அவற்றை விற்கும் கடைகளும் சாலையோரம் நிற்கின்றன. கழிக்கரையில் நகரத்தார் நெடுநாள் குப்பை கொட்டிய மேடு ஒன்று இருந்தது. அதில் மரம் நட்டு வளர்த்து, 37 ஏக்கர் பரப்பில் மகாராஷ்டிர இயற்கைப் பூங்கா என்ற பெயரில் 1994இல் திறந்தனர். அதனருகே கண்டல் மரங்கள் மீண்டும் தழைத்திருக்கின்றன. ஆற்றின் அக்கரையில், 1970களின் பிற்பகுதி முதல் சதுப்பைத் தூர்த்து எழுப்பிய பாந்த்ரா–குர்லா வளாகத்தில் வங்கிகளும் பங்குச்சந்தையும் வைரச்சந்தையும் கண்ணாடி மாளிகைகளில் விளங்குகின்றன. அம்மாளிகைகள் எழுந்த பிறகே தாராவி நிலத்தின் விலை எல்லார்க்கும் நினைவு வந்தது.

தாராவியைத் திருத்தி அமைக்கும் முயற்சி புதிதன்று. 1985இல் பிரதமர் ராஜீவ் காந்தி பம்பாய்க்கு நூறு கோடி ரூபாய் அளித்தார். அதில் ஒரு பகுதி தாராவிக்கு வந்தது. சில அடுக்கு வீடுகள் எழுந்தன. 2004இல் பெருந்திட்டம் ஒன்று ஏற்கப்பட்டுப் பல ஆண்டு ஏட்டிலேயே நின்றது. 2022இல் நடந்த ஏலத்தில் அதானி குழுமம் முன்னின்றது. அக்குழுமத்துக்கு நூற்றுக்கு எண்பதும் மாநில அரசுக்கு இருபதும் பங்குள்ள நிறுவனம் ஒன்று அமைந்து, 2024இல் வீடுவீடாக அளவெடுப்புத் தொடங்கியது. 2000ஆம் ஆண்டு ஜனவரி முதல் நாளுக்கு முன்பிருந்தே தரைத்தளத்தில் வாழ்ந்ததாகச் சான்று காட்டுவோர்க்குத் தாராவியிலேயே 350 சதுர அடி வீடு இலவசம் என்பது அதன் விதி. அதற்குப் பின் வந்தோரும் மாடியில் இருப்போரும் பெரும்பாலும் வேறிடத்துக்குச் செல்ல வேண்டியிருக்கும். தாராவியின் மக்கள்தொகையை மூன்று லட்சம் என்பாரும் பத்து லட்சம் என்பாரும் இருக்கும்போது, எண்ணுகிறவர் கோடு எங்கே போடுகிறார் என்பது எவ்வளவு பெரிய செய்தி என்பதை நேயர்கள் உணர்வார்கள்.

குழாயும் கழிப்பிடமும் காற்றும் இல்லாத வீட்டில் வாழ்ந்தவர்க்கு நல்ல வீடு கிடைப்பதை யாரும் மறுக்கமாட்டார். அதனை விரும்பிக் கேட்பவர் தாராவியில் பலர். ஆயினும் 1665இல் இரு வல்லரசுகள் பெயர் சொல்லி வழக்காடிய ஊருக்கு 2000 என்ற ஆண்டு மட்டுமே அளவுகோலாயிருப்பதைக் காணும்போது, அந்த அளவுகோல் மிகக் குட்டையானது என்று நமக்குத் தோன்றுகிறது. தங்கள் குடியிருப்பு சேரியன்று, பழைய ஊர். அதனைத் திட்டத்தில் சேர்த்தல் ஆகாது என்று கோளிவாடாவினர் வாதாடி வருகின்றனர். குயவர்கள் சூளைக்கு இடம் எங்கே என்று கேட்கின்றனர். பதின்மூன்றாம் மாடியில் சக்கரம் சுற்றலாம். சூளை மூட்ட முடியுமா?

இவ்வூரின் அடையாளங்களைக் காண விரும்புவோர், சயான் நிலையத்தில் இறங்கி முதலில் குன்றேறிக் கோட்டையிலிருந்து மேற்கே நோக்குதல் நன்று. பழைய எல்லை எங்கே ஓடியது என்பது அங்கிருந்து விளங்கும். பிறகு காலா கில்லா என்று கேட்டால் எந்தப் பேருந்து நடத்துநரும் வழி சொல்வார். அப்பெயருடைய பணிமனை ஒன்று உண்டு. கோட்டை அதன் அண்மையிலேயே, வீடுகளுக்கும் செடிகொடிகளுக்கும் நடுவே நிற்கிறது. ஜான் ஹார்னின் பெயர் பொறித்த கல் சுவரின்மேல் இருக்கிறது. அதைத் தேடிக் காண்பதற்குச் சற்றுப் பொறுமை வேண்டும். மழைக்காலத்தில் போவதானால் வழுக்காத செருப்பும் வேண்டும்.